கடலோர வீட்டில் படம் கெட்டுப்போகிறதா? அறிகுறி பார்த்துச் சரிசெய்யும் வழி

பாம்பன், மண்டபம், கீழக்கரை, தேவிபட்டினம், தொண்டி என்று கடலுக்குக் கூப்பிடு தூரத்தில் குடியிருப்பவர்களுக்காக எழுதுகிறேன். ஒரே கடையில் ஒரே நாளில் போட்ட இரண்டு பிரேமில் ஒன்றை மதுரையிலும் இன்னொன்றை ராமேஸ்வரத்திலும் மாட்டினால், நாலு மழைக்காலம் போவதற்குள் இரண்டும் ஒரே கடைச் சரக்கு என்று சொன்னால் யாரும் நம்ப மாட்டார்கள். ஈரம் மட்டும் இதற்குக் காரணமில்லை, உப்பும் கூட்டுச் சேர்ந்துகொள்கிறது. காற்றோடு வரும் உப்புத் துகள் கண்ணாடி மேலும் பீடிங் எனப்படும் பிரேம் சட்டத்தின் இடுக்கிலும் ஆணித் தலையிலும் படிந்துவிடும். காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டியதும் அந்த உப்பு தானாகவே ஈரத்தை இழுத்துக் கரைந்து நீராகிவிடும். ஐப்பசி, கார்த்திகையில் நம் கரையில் அந்த அளவைத் தாண்டாத இரவு அபூர்வம்தான். பெரிய ஓவியக் கூடங்களில் ஈரப்பதத்தை 50 சதவீதத்தை ஒட்டியே நிறுத்திவைக்க ராப்பகலாக இயந்திரம் ஓடுகிறது, நமக்கு அது கட்டுப்படியாகாது. அதனால் பிரேமை ஒழுங்காகப் போடுவதுதான் நம் கையில் இருக்கிற வழி.

எந்தக் கோளாறாக இருந்தாலும் முதலில் படத்தைச் சுவரில் இருக்கும்போதே போனில் நன்றாகப் படம் எடுத்துக்கொள்ளுங்கள். அப்புறம் இறக்கி, மேசையில் துண்டு விரித்துக் கவிழ்த்துப் போட்டுப் பின்னட்டையைத் திறந்து பாருங்கள். முன்னால் தெரிகிற கோளாறில் முக்கால்வாசிக்குக் காரணம் பின்பக்கம்தான் இருக்கும், அதைப் பார்க்காமல் கண்ணாடியை மட்டும் துடைத்துத் துடைத்து ஒரு பயனும் இல்லை. ஆனால் வண்ணம் உதிர்கிற ஓவியம், தஞ்சாவூர்ப் படம், கரித்துண்டிலோ வண்ணச் சுண்ணக் குச்சியிலோ வரைந்த படம் ஆகியவற்றைக் கவிழ்க்கவே வேண்டாம்.

கண்ணாடியில் பனி படிகிறது

விரலால் தேய்த்துப் பாருங்கள். போய்விட்டால் அது வெளிப்பக்கம். ஏசியை நிறுத்திவிட்டு ஜன்னலைத் திறந்ததும் குளிர்ந்த கண்ணாடியில் கடல் காற்று பட்டு வியர்க்கிறது, அவ்வளவுதான், உலர்ந்த துணியால் ஒற்றி எடுத்தால் போதும்.

தேய்த்தும் போகவில்லை என்றால் ஈரம் உள்ளே மாட்டிக்கொண்டிருக்கிறது. பின்னால் வைத்த ஹார்டுபோர்டும், படத்தைச் சுற்றி ஜன்னல் மாதிரி வெட்டி வைக்கிற மவுண்ட் அட்டையும் மழைக்காலத்தில் ஈரத்தைக் குடித்துவைத்திருக்கும். வெயில் பட்டுச் சுவர் சூடானதும் அந்த ஈரம் ஆவியாகி வெளியே வந்து கண்ணாடியின் உள்பக்கத்தில் படியும். இதற்கு ஈரத்தை உறிஞ்சுகிற சிலிக்கா ஜெல் பாக்கெட் ஒட்டச் சொல்வார்கள். காற்றுப் புகுகிற சாதாரணப் பிரேமில் அது சில நாளிலேயே நிறைந்து வெறும் பொட்டலமாகத்தான் தொங்கும். பிரேமைப் பிரித்து, படம், மவுண்ட், பின்னட்டை எல்லாவற்றையும் தனித்தனியாக ஏசி அறையில் ஒன்றிரண்டு நாள் கிடத்தி, அதே அறையில் வைத்தே மறுபடி மூட வேண்டும். மழை பெய்கிற நாளில் கடை வாசலில் உட்கார்ந்து பிரேம் போட்டு வாங்குவது, ஈரத்தையும் சேர்த்துப் பூட்டி வாங்குவதுதான்.

பின்னட்டையை மாற்றுவதாக இருந்தால் ஹார்டுபோர்டுக்குப் பதிலாக ஃப்ளெக்ஸ் கடைகளில் கிடைக்கும் சன்பேக் ஷீட்டை வெட்டிப் போடச் சொல்லுங்கள். விளம்பரத் தட்டிக்குப் பயன்படுத்துகிற அந்த உள்கூடான பிளாஸ்டிக் அட்டை தண்ணீர் குடிக்காது, பூச்சிக்கும் ருசிக்காது, விலையும் அதிகமில்லை.

சுவரையும் பாருங்கள். உப்புப் பூத்துச் சுண்ணாம்பு உதிர்கிற சுவராக இருந்தால் வேறு சுவருக்கு மாற்றிவிடுவது நல்லது. முடியாவிட்டால் பிரேமின் கீழ் மூலை இரண்டிலும் ரப்பர் பொத்தான் ஒட்டுங்கள். சுவருக்கும் படத்துக்கும் நடுவில் ஒரு விரல் நுழைகிற இடைவெளி கிடைத்தால் காற்று போய்வரும், பாதித் தொல்லை அதிலேயே குறையும்.

போட்டோ கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டது

நம் பக்கத்தில் அதிகம் கேட்கிற புகார் இதுதான். தாத்தா சிலோனில் எடுத்துக்கொண்ட ஸ்டூடியோ படம், கல்யாணப் படம் என்று ஒரு பிரதி மட்டும் இருக்கிற படங்களுக்குத்தான் இது பெரும்பாலும் வரும், ஏனென்றால் அந்தக் காலத்தில் மவுண்ட் வைக்காமல் கண்ணாடியில் படம் அழுந்துகிற மாதிரிதான் பிரேம் போட்டார்கள். பழைய போட்டோவின் முகப்பில் இருப்பது ஜெலட்டின் பூச்சு. ஈரம் பட்டால் அது ஊறி இளகும், காய்ந்தால் பசையாகிக் கண்ணாடியைப் பிடித்துக்கொள்ளும்.

எந்த அளவுக்கு ஒட்டியிருக்கிறது என்பதைப் பிரிக்காமலே சொல்லிவிடலாம். டார்ச்சைச் சாய்வாகப் பிடித்துப் பாருங்கள். சோப்பு நுரையில் தெரிவது போன்ற வானவில் வளையம் தெரிந்தால் படம் கண்ணாடிக்கு மிக நெருக்கத்தில் வந்துவிட்டது, இன்னும் ஒட்டியிருக்காமலும் இருக்கலாம். இன்றைக்கே பிரித்து நடுவில் மவுண்ட் வைத்தால் தப்பித்துவிடும். வளையம் இல்லாமல், ஈரம் பட்ட மாதிரி கறுத்துப் பளபளக்கிற திட்டு தெரிந்தால் அங்கே ஒட்டிவிட்டது.

ஒட்டிய படத்தை இழுக்காதீர்கள், பிளேடு விடாதீர்கள், ஹேர் டிரையர் பிடிக்காதீர்கள். இழுத்தால் காகிதம் உங்கள் கையோடு வரும், முகம் கண்ணாடியிலேயே நின்றுவிடும். தண்ணீரில் ஊறவைத்தால் வந்துவிடும் என்று சொல்கிறவர்கள் உண்டு. பழைய கறுப்பு வெள்ளைப் படம் சில நேரம் காய்ச்சி வடித்த தண்ணீரில் ஊறிக் கழன்று வருவதும் உண்மைதான். ஆனால் மூன்று வகைப் படத்தைத் தண்ணீர்ப் பக்கமே கொண்டுபோகக் கூடாது. ஒன்று, கன்னத்துக்கும் சேலைக்கும் கையால் சாயம் பூசிய படம், சாயம் கரைந்து ஓடிவிடும். இரண்டு, இன்றைய இங்க்ஜெட் பிரிண்ட். மூன்றாவது வகையைத்தான் பலர் கவனிப்பதில்லை, பூஞ்சை பிடித்த படம். பூஞ்சை தின்ற ஜெலட்டின் தண்ணீரில் கரையக்கூடியதாக மாறிவிடுகிறது, ஊறவைத்தால் மூக்கும் முழியும் கண்ணெதிரே கழுவிப்போகும். நம் ஊரில் ஒட்டிக்கொண்ட படத்தில் பூஞ்சை இல்லாதது எங்கே இருக்கிறது?

அதனால் நான் சொல்வது இதுதான். பீடிங்கை மட்டும் கழற்றிவிட்டு, கண்ணாடியையும் படத்தையும் ஒன்றாகவே வெளியே எடுங்கள். கண்ணாடியின் வெளிப்பக்கத்தை மட்டும் துடைத்து அப்படியே ஸ்கேனர் மேல் வைத்து எடுக்கலாம். ஸ்கேனர் இல்லாவிட்டால் ஜன்னல் ஓரத்தில் வெளிச்சம் பக்கவாட்டில் விழும்படி வைத்து, போனுக்குப் பின்னால் கறுப்புத் துணி ஒன்றைப் பிடிக்கச் சொல்லி எடுங்கள், உங்கள் நிழலுருவம் கண்ணாடியில் விழாது. அதிலிருந்து புதுப் பிரிண்ட் போட்டு அதைச் சுவரில் மாட்டிக்கொள்ளுங்கள். பழையதைக் கண்ணாடியோடு சேர்த்து இரண்டு அட்டைக்கு நடுவே வைத்துப் பீரோவில் படுக்கவைத்துவிடுங்கள். பிரித்துத்தான் ஆக வேண்டும் என்றால் கலைப்பொருள் பாதுகாப்பு படித்தவர்களிடம் கொடுங்கள், பிரேம் கடையில் கொடுக்காதீர்கள். கடைக்காரர் கெட்டிக்காரராகவே இருந்தாலும் அது வேறு தொழில்.

பழுப்புப் புள்ளி, கரும்புள்ளி

மறுபடியும் அதே டார்ச், அதே சாய்வு. புள்ளி காகிதத்தோடு சமமாகத் துரு நிறத்தில் கிடந்தால் அது பழைய கறை, அதை எடுக்கப் போனால் காகிதமும் சேர்ந்து போகும், விட்டுவிடலாம். பஞ்சு மாதிரி மேலே எழும்பித் தெரிந்தால் உயிருள்ள பூஞ்சை. காற்றின் ஈரம் 65, 70 சதவீதத்துக்கு மேலே நின்றாலே அது வளரத் தொடங்கும், ஆகவே நம் கடற்கரையில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை.

ஈரத்தோடு தொடாதீர்கள், தேய்த்தால் காகிதத்துக்குள் இறங்கிவிடும். முதலில் ஏசி அறையில் நன்றாகக் காய விடுங்கள். காய்ந்ததும் முகக்கவசம் போட்டுக்கொண்டு வாசலில் வைத்து, மென்மையான பிரஷ்ஷால் மேலோட்டமாகத் தட்டிவிடுங்கள். வெயிலில் காயப்போடலாமா என்று கேட்பீர்கள், கூடாது, பூஞ்சை போகிறதோ இல்லையோ நிறம் நிச்சயம் போகும். ஸ்பிரிட்டைக் கண்ணாடிக்கும் பீடிங் உள்பக்கத்துக்கும் தடவலாம், படத்தில் வேண்டாம், கையெழுத்து மையும் ரப்பர் ஸ்டாம்பு மையும் கரைந்துவிடும். பழைய மவுண்டையும் பின்னட்டையையும் வீசிவிட வேண்டும். அதையே திரும்பப் போட்டால் பூஞ்சைக்கு விதைநெல்லைப் பத்திரப்படுத்திக் கொடுத்த மாதிரி.

மவுண்டின் ஓரத்தில் பழுப்புக் கோடு

மவுண்டைத் தூக்கிப் பார்த்தால் படத்தைச் சுற்றிக் கட்டம் கட்டிய மாதிரி பழுப்புக் கோடு ஓடுகிறதா? இதற்கும் கடலுக்கும் நேரடிச் சம்பந்தம் இல்லை, மரக்கூழ் அட்டையிலிருந்து ஊறுகிற அமிலம் செய்த வேலை, நம் ஈரம் அதை வேகப்படுத்துகிறது. மவுண்டை ஜன்னல் மாதிரி வெட்டியிருக்கிற சாய்வு ஓரத்தைப் பாருங்கள். அந்த வெட்டு வெள்ளையாகவே இருந்தால் நல்ல அட்டை, பழுப்பேறியிருந்தால் மட்டம். பின்பக்கம் பிளைவுட்டோ பலகையோ வைத்திருந்தால் மரத்தின் ரேகைகூட அப்படியே படத்தின் முதுகில் பதிந்திருக்கும். வந்த கோடு போகாது, மேலும் கறுக்காமல் நிறுத்தலாம். அமிலம் இல்லாத மவுண்ட் போர்டு என்று கேட்டு வாங்குங்கள், சின்ன ஊர்க் கடைகளில் இருப்பு இருக்காது, சொல்லி வரவழைக்க வேண்டும்.

பழைய பிரேம்களில் இடைவெளியை அடைக்க தினசரித் தாளை மடித்துச் செருகியிருப்பார்கள். அதைவிட மோசமான அமிலக் காகிதம் கிடையாது. தேதியைக் குறித்துக்கொண்டு எடுத்துவிடுங்கள், பிரேம் எந்த ஆண்டு போட்டது என்பதற்காவது உதவும்.

இங்கே இன்னொன்றும் சொல்ல வேண்டும். ரவி வர்மா 1894-இல் பம்பாயில் அச்சகம் தொடங்கிய பிறகு, அங்கே அச்சான லட்சுமி, சரஸ்வதி படங்கள் நாடெங்கும் பூஜை அறைகளுக்குப் போய்ச்சேர்ந்தன. அப்படிப்பட்ட ஒன்று உங்கள் வீட்டில் இருந்தால் கீழ் ஓரத்து வெள்ளை விளிம்பை வெட்ட விடாதீர்கள், அச்சகத்தின் பெயர் பெரும்பாலும் அங்கேதான் இருக்கும். பிரேம் அளவுக்குப் பொருந்தவில்லை என்று கடையில் கத்தரியை எடுத்தால், ‘அண்ணே, படத்தை வெட்ட வேண்டாம், பெரிய பிரேமாவே போடுங்க’ என்று அப்போதே சொல்லிவிட வேண்டும். சிலவற்றில் அம்மனுக்கு ஜரிகையும் சமிக்கியும் ஒட்டி அலங்கரித்திருப்பார்கள், அவற்றுக்குச் சாதாரண மவுண்ட் தடிமன் போதாது, பீடிங்குக்குள் கட்டை கொடுத்துக் கண்ணாடியைத் தள்ளி வைக்க வேண்டும்.

படம் அலை அலையாக நிற்கிறது

நாலு ஓரமும் ஒட்டியிருக்கிறார்கள், வேறொன்றும் இல்லை. காகிதம் ஈரத்தில் விரியும், காய்ந்தால் சுருங்கும், போக இடமில்லாவிட்டால் நடுவில் புடைக்கும். மேல் ஓரத்தில் மட்டும் இரண்டு இடத்தில் மெல்லிய காகிதக் கீல் வைத்து, கீழ்ப்பக்கம் சும்மா தொங்க விட வேண்டும். அருங்காட்சியகங்களில் ஜப்பானிய மெல்லிழைக் காகிதமும் கோதுமை மாவுச்சத்துப் பசையும் பயன்படுத்துவது, பிற்பாடு தண்ணீர் தொட்டே கழற்றிக்கொள்ளலாம் என்பதற்காக. செல்லோ டேப், இருபக்க டேப், ஃபெவிகால் எதுவும் படத்தில் படக் கூடாது. மயில்துத்தம் (செம்பு உப்பு) போட்ட மைதாப் பசையும் வேண்டாம், பூச்சி வராது என்று போடுகிறார்கள், செம்பு நாளாவட்டத்தில் காகிதத்தையே பொடியாக்கிவிடும்.

ஏசிக் காற்று நேராக அடிக்கிற இடத்தில் மாட்டியிருந்தாலும் அலை வரும். இடத்தை மாற்றிவிட்டு ஒரு வாரம் பொறுத்துப் பாருங்கள், சில நேரம் தானாகவே படிந்துவிடும்.

பீடிங் மூலை விரிகிறது

மூலையை உற்றுப் பாருங்கள், விரிசலின் வடிவத்திலேயே விடை இருக்கிறது. மரம் அகலவாக்கில்தான் ஊதும், சுருங்கும், நீளத்தில் பெரிதாக மாறாது. அதனால் வெளி முனை ஒட்டியிருந்து உள்பக்கம் ஆப்பு மாதிரி விரிந்திருந்தால் மரம் சுருங்கியிருக்கிறது, காயாத மரத்தில் பிரேம் போட்டுவிட்டார்கள். உள்முனை ஒட்டியிருந்து வெளி முனை விரிந்திருந்தால் மரம் ஈரம் குடித்து ஊதியிருக்கிறது. இரண்டாவது வகையில் மழைக்காலத்தில் மக்கு போட்டு அடைக்காதீர்கள், மேற்கிலிருந்து கச்சான் காற்று அடித்து மரம் உலர்ந்ததும் அந்த மக்கே மூலையைப் பிதுக்கிவிடும். உலர்ந்த காலம் வரை பொறுத்து, விரிசல் மூடிக்கொண்டால் பின்பக்கம் பசை விட்டு இறுக்கிக்கொண்டு, பீடிங்கின் வெட்டு முனைகளிலும் பின்பக்கத்திலும் வார்னிஷ் அடித்துவிடுங்கள். கடைகளில் முன்பக்கத்துக்கு மட்டும் பாலிஷ் போட்டுத் தருகிறார்கள், ஈரம் பின்பக்கம் வழியாகத்தானே ஏறுகிறது?

ஆப்பு மாதிரி இல்லாமல் ஒரே அளவாக இடைவெளி தெரிந்தால் ஏதோ ஒரு சட்டம் நீளம் குறைவு. அது வெட்டின ஆள் பிழை, திருப்பிக் கொடுங்கள். பிளாஸ்டிக்கில் செய்த சிந்தடிக் பீடிங் ஈரத்துக்கு அசையாது, அந்த வகையில் நம் ஊருக்கு நல்லதுதான், வெயில் பட்டால் மட்டும் வளையும்.

ஆணி துரு, கம்பி அறுந்து படம் விழுந்தது

கடலோரத்தில் இரும்பு எவ்வளவு நாள் தாங்கும் என்று பாம்பன் பாலத்துக்குப் பெயின்ட் அடித்தவர்களைக் கேட்டால் சொல்வார்கள். உப்பில் உள்ள குளோரைடு உலோகத்தை உள்ளே போய் அரிக்கும். சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தில் 1930-லேயே ஆய்வகம் வைத்ததும் வெண்கலச் சிலைகளின் அரிப்பைச் சரிசெய்யத்தான். வீட்டுக்கு இவ்வளவு செய்தால் போதும்: கொக்கி, திருகாணி, வளையம் எல்லாம் எஸ்.எஸ். (துருப்பிடிக்காத எஃகு) அல்லது பித்தளை, கம்பிக்குப் பதில் நைலான் கயிறு, பெரிய படத்துக்கு ஒன்றுக்கு இரண்டு கொக்கி. வருடத்துக்கு ஒரு தடவை, ஐப்பசிக்கு முன்னால், இறக்கிப் பார்த்துவிடுங்கள்.

பூச்சி

காகிதத்தின் மேற்பரப்பு சுரண்டின மாதிரி ஒழுங்கில்லாமல் மெலிந்திருந்தால் வெள்ளிமீன் பூச்சி, அதற்குப் பசையும் மாவும் பிடிக்கும். பீடிங்கில் குண்டூசித் துளையும் கீழே மாவு மாதிரித் தூளும் இருந்தால் மரத்தைத் துளைக்கிற வண்டு. தூளைத் துடைத்துவிட்டு ஒரு மாதம் கழித்துப் பாருங்கள், மறுபடி தூள் கொட்டியிருந்தால்தான் உள்ளே உயிர் இருக்கிறது, பீடிங்கை மாற்றுங்கள். பின்னால் மண் கோடு தெரிந்தால் கரையான், அது படத்தின் பிரச்சினை இல்லை, சுவரின் பிரச்சினை, ஆளைக் கூப்பிடுங்கள். பல்லி முட்டை இல்லாத பிரேம் நம் ஊரில் இல்லை, பின்பக்க இடுக்கைக் காகித டேப்பால் மூடினால் அதுவும் நிற்கும். நாப்தலின் உருண்டையைப் பிரேமுக்குள் போடாதீர்கள், சிந்தடிக் பீடிங்கை அதன் ஆவி இளக்கிவிடும்.

நிறம் போகிறது

கலர் போட்டோ செக்கச்செவேல் என்று ஆகிவிட்டால் நீலச் சாயம் முதலில் போய்விட்டது என்று அர்த்தம், 1970, 80-களின் படங்களில் இது சகஜம். ஸ்கேன் செய்து கணினியில் ஓரளவு மீட்கலாம், காகிதத்தில் திரும்ப வராது. ஓவியக் கூடங்களில் காகித ஓவியங்களுக்கு 50 லக்ஸ் (வெளிச்சத்தை அளக்கும் அலகு), எண்ணெய் ஓவியங்களுக்கு 200 லக்ஸ் என்று வெளிச்சத்தைக் கட்டுப்படுத்துவார்கள், உள்ளே நுழைந்ததும் என்ன இப்படி இருட்டாக இருக்கிறது என்று தோன்றுவது அதனால்தான். கடலைப் பார்த்த ஜன்னலுக்கு எதிர்ச்சுவரில் பகலில் விழுவது இதைப்போலப் பல மடங்கு. புற ஊதாவைத் தடுக்கிற கண்ணாடி போட்டால் வேகம் குறையும், நிற்காது. ஜன்னல் இருக்கிற சுவரிலேயே, ஜன்னலுக்குப் பக்கத்தில் மாட்டினால் நேர் வெளிச்சம் படாது, காசும் செலவில்லை.

ராமநாதபுரம் அரண்மனையின் ராமலிங்க விலாசத்தில், முத்து விஜய ரகுநாத சேதுபதி காலத்து ஓவியங்களைப் பார்க்கப் போகிறவர்கள் பிளாஷ் போட்டுப் படம் எடுப்பதையும் தயவுசெய்து விட்டுவிடலாம். சுவரில் நேரடியாகத் தீட்டியது, கண்ணாடியும் கிடையாது, கழற்றி வேறு இடத்தில் மாட்டவும் முடியாது.

தஞ்சாவூர்ப் படத்தில் விரிசல்

பலகை ஈரத்தில் அசைய, மேலே பூசிய மக்கு அசைய முடியாமல் வெடிக்கிறது. தங்க ரேக்கைத் துணியால் துடைக்கவே கூடாது, ஈரத் துணி பட்டால் அடியிலிருக்கிற பசை இளகிவிடும். விளக்குக்கு நேர் மேலே மாட்டியிருந்தால் உடனே மாற்றுங்கள், சூடும் கரியும் ஒன்றாக ஏறும். தூக்கிய இடத்தில் ஃபெவிகால் வைத்து அழுத்தினால் பிற்பாடு சரிசெய்ய வருகிறவர் அதைச் சுரண்டுவதற்கே பாதி நாள் செலவாகும். உதிர்ந்த கல்லையும் ரேக் துண்டையும் பெருக்கித் தள்ளாமல், எந்த இடத்தில் இருந்தது என்று எழுதி ஒரு கவரில் போட்டுப் பின்னட்டையில் ஒட்டி வையுங்கள், வருகிறவர் முதலில் அதைத்தான் கேட்பார்.